முரசு அடிக்காத மாலை

இக்கதையை எனக்கு முதன்முதலில் சொன்னவர் ஞானதீபம் அம்மையார். எங்கள் பள்ளியில் புவியியல் நடத்தியவர். பொதுத்தேர்வு விடைத்தாள் திருத்தும் முகாமில், 'அண்டை நாடுகளின் கூட்டுறவு: சிறுகுறிப்பு வரைக' என்னும் வினாவுக்கு வந்த விடைகளைப் பகல் முழுவதும் திருத்திக் களைத்திருந்தார். எல்லாத் தாளிலும் ஒரே விடை. பிற்பகலில் மின்சாரம் நின்றது. சிவப்புப் பேனாவை மூடி வைத்துவிட்டு, "இதற்கு எத்தனை மதிப்பெண் போடுவீர்கள், சொல்லுங்கள்" என்று தொடங்கினார். சொற்களைச் சில இடங்களில் நான் செப்பனிட்டிருக்கிறேன். கதையைத் தொடவில்லை.

மூன்று சிறு நாடுகள் இருந்தன. மேற்கே செம்பாறை, நடுவே நெடுமடை, கிழக்கே கருவேலி. மூன்றிலும் தினை விளைந்தது. மூன்றையும் ஒரே வெட்டுக்கிளிக் கூட்டம் தின்றது.

மழை மிகுந்த ஆண்டுகளில், பனிக்காலம் தொடங்கும்போது அது வடக்கிலிருந்து வரும். வெயிலை மறைத்துக்கொண்டு வரும். மாலையில் தரைநோக்கிச் சாயும்.

சாயும்போது முரசு அடிப்பார்கள். அதுதான் மூன்று நாட்டு வழக்கமும். ஒவ்வொரு நாட்டு எல்லையிலும் முரசு வரிசை ஒன்று உண்டு. ஆண்கள் முரசடிக்க, பெண்கள் முறத்திலும் பித்தளைத் தட்டிலும் தட்டுவார்கள். வைக்கோல் புகை எழும். வெட்டுக்கிளி மிரண்டு எழுந்து எல்லையைத் தாண்டிப் போகும். அங்கே அடுத்த நாட்டு முரசு தொடங்கும். கடைசியில் அது ஆளில்லாத மலைக்காட்டில் போய் விழும். மறுநாள் பசியோடு திரும்பி வரும்.

தங்கள் வானம் தெளிந்ததும், எல்லையோர ஊர்ப் பொதுக்கூடத்தில் பானை ஏற்றுவார்கள். தினைப் பாயசம். பானைக்கு ஒரு மரக்கால் தினை. அந்த அளவு மூன்று நாட்டிலும் ஒன்றுதான், கூடாது, குறையாது. காற்றில் பாயசம் மணந்தால், அண்டை நாட்டார் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டு, "அங்கே பானை ஏறிவிட்டது" என்று முரசை எடுப்பார்கள்.

இப்படிப் பல தலைமுறை கழிந்தது.

பின்னர் மூவரவை என்று ஒன்று தோன்றியது. நெடுமடை ஒடுங்கி முடிந்து, மூன்று எல்லையும் சந்திக்கும் இடத்தில் முக்கல் என்று ஒரு கல் நட்டிருந்தது. ஆண்டுதோறும் மூன்று தூதர் அங்கே பந்தலிட்டுக் கூடுவார்கள். கிழக்கு நோக்கி யார் அமர்வது என்னும் சிக்கல் எழுந்தபோது, முக்கோணப் பாய் நெய்து தீர்த்தார்கள். யார் முதலில் வணக்கம் சொல்வது என்பதை, மூவரும் ஒருசேரச் சொல்வது என்று தீர்த்தார்கள். முக்கல்லைச் சுற்றிய சிறு துண்டு நிலத்தில் எந்த நாடும் முரசடிக்கக் கூடாது என்றும் ஒரு தீர்மானம் நிறைவேறியது. அவை நடக்கும்போது பேச்சுக் கேட்க வேண்டும் என்பது காரணம். வெட்டுக்கிளி குறித்து ஒவ்வோர் ஆண்டும் ஆழ்ந்த கவலை தெரிவித்தார்கள்.

நெடுமடையின் தூதர் நன்னாகன். ஐம்பதைக் கடந்தவர். அவர் தாடியில் பாதி அவையிலேயே நரைத்தது.

முக்கல்லின் அருகே, எந்த நாட்டுக்கும் சேராத அந்தத் துண்டு நிலத்தில், மருதி என்னும் ஆசான் குடிலமைத்து வாழ்ந்தார். நன்னாகனைவிட வயதில் இளையவர். நன்னாகன் அவரைத் தம் ஆசானாக ஏற்று நெடுங்காலம் ஆகியிருந்தது. அவை முடியும்போதெல்லாம் அங்கே வந்து அமர்வார்.

அவ்வாண்டும் வந்தார்.

"அம்மா, தூதர் பொறுப்பை விட்டுவிடப் போகிறேன்."

"முதலில் காலைக் கழுவுங்கள், தூதரே."

கழுவினார். ஆசான் மோர் கொடுத்தார். குடித்தார்.

"வடக்கே கிளி எழுந்துவிட்டதாம். கண்டவர் வந்து சொன்னார்கள். தினை பால் பிடித்து நிற்கிறது. இந்த விளைச்சலும் போனால் என் மகள் சேந்தி ஊரை விட்டே போய்விடுவாள். பாதிச் சாமானை வண்டியில் ஏற்றிவிட்டாள். ஆட்டுக்கல்லை மட்டும் இன்னும் ஏற்றவில்லை."

"ஏன்?"

"அதைக் கடைசியில் ஏற்றுவாளாம். ஏற்றினால் இறக்க மாட்டாளாம்."

"அவையில் என்ன முடிவு?"

நன்னாகன் தயங்கினார். "மூன்று நாட்டு முரசையும் ஒரே தாளத்தில் அடிப்பது என்று முடிவாகியிருக்கிறது. ஒற்றுமையின் அடையாளமாக."

ஆசான் சிரிக்கவில்லை.

"உங்கள் கேள்வியைக் கேளுங்கள்."

"அடுத்தடுத்து இருக்கும் மூன்று நாடு. ஒரே மண், ஒரே தினை. ஒரு பூச்சியின் பொருட்டாவது எங்களால் ஏன் ஒன்றாக முடியவில்லை?"

"இன்று இங்கே தங்குங்கள். விடியும்போது கேளுங்கள்."

விடிவதற்குச் சற்று முன்னர் ஆசான் அவரை எழுப்பினார். வெளியே பனி கொட்டிக்கொண்டிருந்தது. முக்கல்லின் பின்புறம் ஆவாரம் புதர்கள். ஆசான் ஒரு கிளையை வளைத்தார். கத்தரிக்காய் பறிப்பதுபோல எதையோ பறித்து நன்னாகனின் உள்ளங்கையில் வைத்தார்.

வெட்டுக்கிளி.

நன்னாகன் கையை உதறப் போனார்.

"உதறாதீர்கள். பாருங்கள்."

அது அசையவில்லை. இறகின்மேல் பனித்துளி நின்றது.

"செத்ததா?"

"உறங்குகிறது. கூட்டத்துக்கு முந்தி, வழி தவறிய சில இங்கே வந்து விழும். குளிரில் இவற்றுக்கு இறகு விரியாது. வெயில் படும்வரை இப்படித்தான். ஒரு முறமும் சாக்கும் போதும், வாரிக்கொள்ளலாம்."

நன்னாகன் புதரைப் பார்த்தார். கிளைக்குக் கிளை அவை ஒட்டிக்கொண்டிருந்தன. ஒன்றைத் தாமே பறித்தார். பிறகு இன்னொன்று.

"இதை ஏன் மூன்று நாட்டில் ஒருவர்கூடக் கண்டதில்லை?"

"உட்கார விட்டிருந்தால் அல்லவா காண்பதற்கு?"

"இங்கே மட்டும் எப்படி உட்கார்ந்தன?"

"இந்தத் துண்டு நிலத்தில் முரசடிக்கக் கூடாது என்று தீர்மானம் போட்டீர்களே. உங்கள் அவை செய்தவற்றில் உருப்படியானது அது ஒன்றுதான்."

நன்னாகன் கையிலிருந்த கிளியை மடித்துணியில் சுற்றிக்கொண்டு, விடைபெறக்கூட மறந்து, அவை கூட்டப் போனார்.

சில நாளில் திரும்பி வந்தார். நடை தளர்ந்திருந்தது. இம்முறை தாமாகவே காலைக் கழுவினார்.

"ஒப்புக்கொண்டார்களா?" என்று ஆசான் கேட்டார்.

"எல்லாரும் ஒப்புக்கொண்டார்கள். கிளி வரும் மாலையில் எந்த எல்லையிலும் முரசு ஒலிக்கக் கூடாது. இறங்கிய இடத்தில் உறங்கட்டும். விடியும்முன் மூன்று நாட்டாரும் அங்கே கூடி, வாரிக் குழியில் போட்டு மூட வேண்டும்."

"நல்லது. எங்கே உறங்கட்டும்?"

"பேச்சு அங்கேதான் நிற்கிறது. உறங்கும் இடத்து விளைச்சல் அந்த ஒரு மாலையிலேயே போய்விடும் அல்லவா? செம்பாறைத் தூதர் பதுமன் எழுந்து, கருவேலி மக்களின் தாராள மனத்தைப் புகழ்ந்தார். கருவேலித் தூதர் எங்கள் வயல்களின் பரப்பைப் புகழ்ந்தார்."

"நீங்கள்?"

"செம்பாறையின் விருந்தோம்பலைப் புகழ்ந்தேன்."

ஆசான் அடுப்பில் சுள்ளியைத் தள்ளினார்.

"பனி எங்கே மிகுதியாக இறங்குகிறது என்று யாராவது கேட்டிருப்பார்களே."

நன்னாகன் ஒரு சுள்ளியை எடுத்து ஒடித்தார்.

"பதுமன் கேட்டார்."

"உங்களுக்கு விடை தெரியுமா?"

"தெரியும்."

"என்ன சொன்னீர்கள்?"

"ஆராய வேண்டும் என்றேன். குழு ஒன்று அமைத்திருக்கிறார்கள்."

"குழுவுக்குத் தலைவர்?"

"நான்தான்."

அடுப்பில் பால் பொங்கி வந்தது. ஆசான் இறக்கி வைத்தார்.

"பனி எங்கே இறங்குகிறது, தூதரே?"

"தாழ்வயலில்." நன்னாகன் தரையைப் பார்த்துச் சொன்னார். "நெடுமடையின் நடுவில். மூன்று பக்கமும் மேடு. உள்ளே கிண்ணம்போல் நிலம். காற்றுப் புகாது. அதனால் கிளி மாலையில் முதலில் அங்கேதான் சாயும். பனி முழுவதும் அங்கே தேங்கும். விடிந்த பின்னும் வெயில் அங்கே கடைசியாகத்தான் வந்து சேரும்."

"யார் நிலம்?"

"என் தந்தை திருத்திய நிலம். இப்போது சேந்தி உழுகிறாள்."

ஆசான் பாலை ஆற்றிக் கொடுத்தார். அவர் குடித்து முடித்ததும், "போய் வாருங்கள்" என்றார்.

"அவைக்கா?"

"அதற்கு முன் உங்கள் மகள் வீடு இருக்கிறது."

சேந்தி வாசலில் வண்டி அச்சுக்கு மை இட்டுக்கொண்டிருந்தாள். அவள் கணவன் தழும்பன் முரசை வெயிலில் காய வைத்திருந்தான். நெடுமடை முரசு வரிசைக்கு அவன்தான் தலைவன். நன்னாகன் வண்டியின் நிழலில் நின்றபடியே எல்லாவற்றையும் சொல்லி முடித்தார்.

சேந்தி கையைத் துடைத்துக்கொண்டாள்.

"ஆக, மூன்று நாடு கூடி, பாய் நெய்து, பந்தலிட்டு, இத்தனை காலம் பேசி, கடைசியில் என் வயலைக் கண்டுபிடித்திருக்கிறீர்கள்."

"ஆம், அம்மா."

"அவை கண்டுபிடித்ததா? நீங்களா?"

"நான்தான்."

"அப்பா வீட்டுச் சீதனம் என்று ஊரில் பெருமையாகச் சொல்லிக்கொண்டிருந்தேன்."

தழும்பன் சிரித்தான். "மாமா, எனக்கு ஒன்று புரியவில்லை. நான் முரசுத் தலைவன். என் வயலில் கிளி இறங்கும்போது நான் கை கட்டி நிற்க வேண்டும். அடுத்தவன் வயலில் இறங்கினால் அடிக்கலாமா?"

"எங்கேயும் அடிக்கக் கூடாது."

"அப்படியானால் சரி. பாரபட்சம் இல்லை."

சேந்தி சிரிக்கவில்லை. "அது அறுபது கலம் விளையும் நிலம். அறுபது கலமும் போகும். யார் தருவார்கள்?"

"மூன்று நாடும் ஆளுக்கு இருபது கலம்."

"அவை சொல்லிவிட்டதா?"

"சொல்ல வைப்பேன்."

"நீங்கள் சொல்ல வைத்து முடிப்பதற்குள் கிளி முட்டையிட்டுக் குஞ்சு பொரித்துவிடும்." அவள் வண்டியைப் பார்த்தாள். ஆட்டுக்கல்லைப் பார்த்தாள். "சரி. சேந்தி ஒப்புக்கொண்டாள் என்று சொல்லுங்கள். வண்டி இப்படியே நிற்கும். அறுபது கலம் வந்து சேர்ந்தால் சாமானை இறக்குவேன். ஒரு மரக்கால் குறைந்தாலும் ஆட்டுக்கல்லை ஏற்றுவேன்."

"குறையாது."

"அது உங்கள் வாக்கா, மூன்று நாட்டின் வாக்கா?"

நன்னாகன் செருப்பை மாட்டிக்கொண்டார்.

மறுநாள் அவையில் அவர் எழுந்து, தாழ்வயலின் பெயரைச் சொன்னார். பதுமன் கேட்டார்.

"தாழ்வயல் உங்கள் குடும்ப நிலம் அல்லவா?"

"ஆம்."

"போன கூட்டத்தில் ஆராய வேண்டும் என்றீர்களே."

"ஆராய்ந்துவிட்டேன்."

பதுமன் தலையசைத்தார். இருபது கலம் என்பதை மூவரும் ஏற்றார்கள். மூவரவையில் யாரும் நீண்ட உரை ஆற்றாத நாள் அது ஒன்றுதான்.

கிளி வந்தது.

வெயில் மங்கும் வேளையில் வடமேட்டின்மேல் எழுந்து, செம்பாறையின் ஓரத்தைத் தொட்டு, நெடுமடைக்குள் திரும்பியது. எல்லையெங்கும் மக்கள் நின்றார்கள். முறமும் தட்டும் கையில் இருந்தன. ஒருவரும் தட்டவில்லை. முரசில்லாமல் அதன் சிறகோசையை அவர்கள் கேட்டது அதுவே முதல் முறை.

தாழ்வயலின் மேட்டில் தழும்பன் முரசின் அருகே அமர்ந்திருந்தான். தோல்மேல் ஒரு குடம் தண்ணீரை ஊற்றி வைத்திருந்தான்.

"ஏன் நனைத்தாய்?" என்று நன்னாகன் கேட்டார்.

"அடித்தாலும் ஒலிக்காமல் இருக்க. என் கைமீது எனக்கு நம்பிக்கை இல்லை, மாமா."

கிளி சாய்ந்தது. முதலில் வரப்புகளில், பிறகு கதிர்களில், பிறகு கதிர்கள் தெரியவில்லை. நூறு வீட்டில் ஒருசேரக் கீரை ஆய்வதுபோல் ஓர் ஓசை எழுந்தது. சேந்தி கைகளைக் கட்டிக்கொண்டு நின்று பார்த்தாள். தழும்பன் இரண்டு முறை எழுந்தான். இரண்டு முறையும் உட்கார்ந்தான்.

இருள் விழும் நேரத்தில் காற்று மேற்கிலிருந்து திரும்பியது. அதில் வெல்லமும் வெந்த தினையும் மணந்தன.

"செம்பாறையில் பானை ஏறிவிட்டது" என்றான் தழும்பன்.

நன்னாகன் முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

"மணம் நன்றாகத்தான் இருக்கிறது" என்றாள் சேந்தி.

கருவேலி மக்கள் விடியும்முன் வந்துவிட்டார்கள். சாக்கும் முறமும் மண்வெட்டியும் கொண்டுவந்திருந்தார்கள். நெடுமடையாரோடு சேர்ந்து வயலுக்குள் இறங்கினார்கள். மொட்டைத் தாள்களில் கிளி அடையடையாகத் தொங்கியது. உலுக்கினால் உதிர்ந்தது. வாரினார்கள். குழி நிறைந்தது. அடுத்த குழி வெட்டினார்கள். பனியில் எல்லாருடைய விரலும் விறைத்தது. கருவேலிக் கிழவர் ஒருவர், "இவற்றுக்குப் பயந்தா என் மாமனார் ஆயுள் முழுவதும் முரசடித்துக் காது செவிடானார்?" என்று தமக்குள் சொல்லிக்கொண்டே வாரினார்.

மேற்கு மேட்டில் ஒருவரும் இல்லை.

நன்னாகன் வாருவதும் நிமிர்ந்து மேட்டைப் பார்ப்பதுமாக இருந்தார். வானம் வெளுத்தது. மேட்டின் முகட்டில் வெயில் பட்டது. வயலின் மேற்குப் பகுதி முழுவதும் ஆளில்லாமல் கிடந்தது. செம்பாறையார் வார வேண்டிய பகுதி அது.

அவர்கள் ஓடிவந்தபோது வெயில் சரிவில் பாதி இறங்கியிருந்தது. பதுமன் முன்னால் வந்தார். தலைப்பாகைகூடக் கட்டவில்லை.

"ஊர் எழவில்லை" என்றார். மூச்சு வாங்கியது. "பானையை நான் ஏற்றச் சொல்லவில்லை. வானம் தெளிந்ததும் பழக்கத்தில் ஏற்றிவிட்டார்கள். நிறுத்தச் சொல்லப் போனேன். அதற்குள் வெந்துவிட்டது."

"குடித்தீர்களா?" என்று சேந்தி கேட்டாள்.

பதுமன் அவளைப் பார்த்தார். "ஒரு கிண்ணம்" என்றார்.

சேந்தி தன் கையிலிருந்த முறத்தை அவரிடம் கொடுத்தாள். அவர் வாங்கிக்கொண்டு வயலில் இறங்கினார்.

வெயில் வந்து சேர்வதற்குள் அவர்களால் வார முடிந்தது கொஞ்சம்தான். எஞ்சியவை இறகைச் சிலிர்த்தன. மேற்கு மூலை முழுவதும் ஒரே வீச்சில் எழுந்தது. தலைகளுக்கு மேலே வட்டமிட்டு, செம்பாறை நோக்கித் திரும்பியது.

பதுமனோடு வந்த செம்பாறை முரசு வரிசை மேட்டில் நின்றுகொண்டிருந்தது. முரசைத் தூக்கிக்கொண்டு பதுமனின் முகத்தைப் பார்த்தார்கள். கருவேலியாரும் நெடுமடையாரும்கூட அவர் முகத்தைத்தான் பார்த்தார்கள்.

பதுமன் நெடுநேரம் வானத்தைப் பார்த்தார்.

"அடிக்க வேண்டாம்" என்றார். "எங்கே உட்காருகிறதோ உட்காரட்டும்." பிறகு நன்னாகன் பக்கம் திரும்பினார். "நாளை விடியும்முன் வருவீர்களா?"

"வருவோம்."

"நான் வந்த நேரத்துக்கு வராதீர்கள்."

அந்தக் கூட்டம் அன்று மாலை செம்பாறையின் கற்காட்டில் இறங்கியது. மறுநாள் விடியும்முன் மூன்று நாட்டாரும் அங்கே இருந்தார்கள். வெயில் ஏறியபோது வானத்தில் எதுவும் எழவில்லை.

அன்று எந்த ஊரிலும் பானை ஏற்றவில்லை. எல்லாருக்கும் முதுகு வலித்தது.

அதன்பின் தினை திருப்பித் தரும் வேலை தொடங்கியது.

கருவேலியின் இருபது கலம் அந்த அறுவடையிலேயே வந்துவிட்டது. நெடுமடையின் இருபது கலத்துக்காக நன்னாகன் தம் நாட்டுக் களஞ்சியத்துக்கே பலமுறை நடக்க வேண்டியிருந்தது. 'உம் மகளுக்கு நீரே கேட்கிறீரே' என்றார்கள். அதுவும் ஒருவாறு வந்து சேர்ந்தது. செம்பாறையில் மழை பொய்த்தது. கற்காட்டில் இறங்கிய கிளியைக் கணக்கில் கழிக்க வேண்டுமா என்று அவையில் பேச்சு வந்தது. செம்பாறை மரக்கால் சிறியதா நெடுமடை மரக்கால் பெரியதா என்று இன்னொரு பேச்சு வந்தது. இரண்டு மரக்காலிலும் மணல் நிரப்பிப் பார்த்தார்கள். மணலில் ஈரம் இருந்தது என்று அதையும் ஒத்திவைத்தார்கள். ஓர் ஆண்டு போயிற்று. பதுமன் நன்னாகனைக் காணும்போதெல்லாம், "தருவோம்" என்றார். எப்போது என்று சொல்லவில்லை.

சேந்தியின் வண்டி வாசலிலேயே நின்றது. அதில் கோழி ஒன்று அடைகாத்துக் குஞ்சும் பொரித்தது. வந்த நாற்பது கலத்தில் விதையும் வைத்து உணவும் கண்டார்கள். அதுவும் தீரும் நிலைக்கு வந்தது. ஆட்டுக்கல்லை அவள் கழுவிக் கவிழ்த்து வண்டியருகே வைத்திருந்தாள்.

அந்நிலையில் ஒரு நாள் நன்னாகன் ஆசானின் குடிலுக்கு வந்தார். தோளில் சிறு மூட்டை ஒன்று இருந்தது. அதை இறக்கி வைத்துவிட்டுச் சுவரில் சாய்ந்தார்.

"அம்மா, நான் களைத்துவிட்டேன்."

"தெரிகிறது."

"கிளி செத்துவிட்டது. கணக்குச் சாகவில்லை. ஒன்றாகிவிட்டோம் என்று ஊரெல்லாம் சொல்கிறார்கள். எனக்குத் தெரிந்து நாங்கள் ஒன்றாக இருந்தது இரண்டு விடியற்காலை மட்டுமே. மற்ற நாளெல்லாம் மரக்காலில் மணல் கொட்டிக்கொண்டிருக்கிறோம். இதற்குப் பெயர்தான் ஒன்றாதலா?"

"ஆம்."

"இவ்வளவு அலுப்பாகவா இருக்கும்?"

"முரசடிப்பது இதைவிட எளிதுதான்" என்றார் ஆசான். "அதனால்தானே இத்தனை தலைமுறை அடித்தீர்கள்?"

நன்னாகன் கண்ணை மூடிக்கொண்டார். ஆசான் மோர் கலந்து அருகில் வைத்தார்.

"மூட்டையில் என்ன?"

"அதுதான் புதிய தலைவலி. நேற்று செம்பாறை வண்டிகள் எங்கள் களஞ்சியத்துக்கு வந்தன. முன்னறிவிப்பு எதுவும் இல்லை. அளந்தோம். எங்கள் மரக்காலில்தான் அளந்தோம், அவர்கள் மறுக்கவில்லை. இருபது கலம் சரியாக இருந்தது."

"பிறகென்ன?"

"அதற்குமேல் இது. தனியாகக் கட்டி, கடைசி வண்டியில் வைத்திருந்தார்கள். ஒரு மரக்கால் தினை. ஏன் என்று கேட்டேன். 'பதுமன் ஐயா சேர்த்துக் கொடுக்கச் சொன்னார்' என்பதைத் தவிர வண்டிக்காரனுக்கு எதுவும் தெரியவில்லை. அளவைத் தவறாக எண்ணிவிட்டார்கள்போலும். திருப்பிக் கொடுக்கத்தான் எல்லைக்குப் போய்க்கொண்டிருக்கிறேன்."

"சேந்தியிடம் சொன்னீர்களா?"

"இல்லை. இது தீரட்டும் என்று விட்டுவிட்டேன். நெடுமடை மிகையாக வாங்கியது என்று நாளை அவையில் ஒருவர் எழுவார். குழு அமைப்பார்கள். என்னையே தலைவனாக்குவார்கள். எனக்கு இனித் தெம்பு இல்லை, அம்மா."

ஆசான் மூட்டையின் கட்டை அவிழ்த்தார். ஒரு பிடி தினையை எடுத்துப் பார்த்தார். புடைத்துக் கல் நீக்கியிருந்தது. மீண்டும் உள்ளே விட்டார்.

"தாழ்வயலில் கிளி இறங்கிய மாலை, காற்று எந்தப் பக்கமிருந்து வந்தது?"

"மேற்கிலிருந்து."

"என்ன மணந்தது?"

"செம்பாறையின் பாயசம்."

"பானைக்கு எவ்வளவு தினை போடுவது உங்கள் மூன்று நாட்டு வழக்கம், தூதரே?"

மோர் அப்படியே இருந்தது. வெளியே ஆவாரம் புதரில் காற்று அடித்து ஓய்ந்தது. நன்னாகன் நெடுநேரம் மூட்டையையே பார்த்துக்கொண்டிருந்தார்.

ஆசான் மூட்டையை மறுபடி கட்டி, அவரிடம் கொடுத்தார்.

"உங்கள் மகள், எவ்வளவு வந்தது என்று கேட்பாள். அளவைச் சரியாகச் சொல்லுங்கள்."

நன்னாகன் எல்லைக்குப் போகவில்லை. வந்த வழியே திரும்பினார்.

சேந்தி வாசலில் நின்றிருந்தாள். ஆட்டுக்கல்லைத் தூக்க, தழும்பன் கயிறு கட்டிக்கொண்டிருந்தான். தந்தையின் தோளில் இருந்த சிறு மூட்டையை அவள் பார்த்தாள்.

"செம்பாறை கொடுத்தது இவ்வளவுதானா, அப்பா?"

அவர் மூட்டையை ஆட்டுக்கல்லின்மேல் இறக்கி வைத்தார்.

"இருபது கலம், ஒரு மரக்கால்."